கனாவெரல் கரையில் கூடியவர்கள்

2018-ஆம் வருஷம் பிப்ரவரி மாதம் 6-ஆம் தேதி பிற்பகல், அமெரிக்காவின் ஃபுளோரிடா மாகாணத்துக் கீழ்க்கரையில், டைட்டஸ்வில் என்னும் சிறு நகரத்தின் நீரோரத்திலும், அதன் பாலத்து நடைபாதையிலும், அங்கிருந்து தெற்கே கோகோ பீச் வரையில் நீண்டு கிடக்கும் மணற்பரப்பிலுமாகச் சுமார் ஒரு லட்சம் ஜனங்கள் ஒரே திக்கை நோக்கி நின்றுகொண்டிருந்தார்கள். பகல் 1:30 மணிக்குப் புறப்பட வேண்டிய ராக்கெட், மேல் வானத்துக் காற்றின் வேகம் தணியாமையால் நேரம் தள்ளித் தள்ளிப்போய், 3:45 மணிக்குத்தான் புறப்பட்டது. தேர் நிலையை விட்டு அசையும் அந்த ஒரு கணத்துக்காக வீதியில் மணிக்கணக்காக நின்று பழகியவர்களுக்கு, இப்படிப்பட்ட காத்திருப்பின் சுவையை நாம் விவரித்துச் சொல்லவேண்டியதில்லை.

அந்த ராக்கெட்டின் பெயர் ஃபால்கன் ஹெவி. அதைச் செய்தது சர்க்கார் அன்று. 2002-ல் ஈலான் மஸ்க் ஸ்தாபித்த ஸ்பேஸ்எக்ஸ் என்னும் தனியார் கம்பெனி. அதில் ஏற்றியிருந்த சரக்கும் அவருடைய சொந்த மோட்டார் காரேயன்றி வேறில்லை. ஒரு வியாபாரி தம் காரைத் தம் கம்பெனியின் ராக்கெட்டில் வைத்து ஆகாயத்துக்கு அனுப்பினால், அதில் வழிப்போக்கனுக்கு என்ன பங்கு என்று கேட்பது நியாயமான கேள்விதான். ஆயினும் புகை எழுந்து, தீப்பிழம்பு கண்ணுக்குத் தெரிந்து, 12 மைல் கடந்து ஒலி வந்து சேர ஏறக்குறைய ஒரு நிமிஷம் இருக்கும்போதே, கரையிலிருந்து எழுந்த ஆரவாரம் தம் வீட்டு விசேஷத்தைக் கண்டவர்களின் ஆரவாரமாகவே இருந்தது. இந்த உரிமை அவர்களுக்கு எங்கிருந்து வந்தது என்பதை அறியவேண்டுமானால், அந்தக் கம்பெனியின் கதையைக் காட்டிலும் பழமையான அந்தக் கரையின் கதையை நாம் தெரிந்துகொள்ள வேண்டும்.

கனாவெரல் என்பது ஸ்பானியச் சொல். நாணற்காடு என்று பொருள். பதினாறாம் நூற்றாண்டில் அவ்வழியாகக் கப்பலோட்டிய ஸ்பானியர்கள் வைத்த அந்தப் பெயர், அமெரிக்கக் கரையில் ஐரோப்பியர் இட்டு இன்றளவும் வழங்கும் பெயர்களுள் மிகப் புராதனமானவற்றில் ஒன்று. அவர்களுக்கு வெகுகாலம் முன்பிருந்தே அயிஸ் என்னும் பூர்வகுடிகள் அங்கே மீனும் சிப்பியும் எடுத்து ஜீவித்து வந்தார்கள். 1848-ல் முனையில் ஒரு கலங்கரை விளக்கம் எழுந்தது. அதன் ஒளி போதாமையால் 1868-ல் இரும்பாலான மற்றொன்றை நாட்டினார்கள். கடல் அரித்துக்கொண்டு வரவே, அதையும் பெயர்த்து உள்ளே தள்ளி நிறுத்தினார்கள். இந்தியன் ஆறு என்று பெயரே தவிர, உண்மையில் கடலையொட்டிய உப்பங்கழியான ஒரு நீர்ப்பரப்பின் ஓரத்தில் ஆரஞ்சுத் தோப்புகள் செழித்தன. கொசுக்களும் பாம்புகளும் நீர்ப்பறவைகளும் மலிந்த அந்தப் பிரதேசத்தில், தோப்புக்காரர்களும் மீனவர்களுமாகச் சில ஆயிரம் பேரே வாசம் செய்தார்கள்.

ஆனால் அந்த மாகாணத்தைப் பற்றி ஒரு கற்பனை முன்னதாகவே பிறந்துவிட்டது. பிரெஞ்சு நாவலாசிரியர் ஜூல்ஸ் வெர்ன் 1865-ல் எழுதிய சந்திரப் பிரயாணக் கதையில், பீரங்கிப் பிரியர்களின் தனியார் சங்கம் ஒன்று பல தேசத்து ஜனங்களிடம் சந்தா வசூலித்து, ஃபுளோரிடாவின் மேல்கரையிலுள்ள டாம்பாவுக்கு அருகிலிருந்து மனிதரைச் சந்திரனை நோக்கிச் செலுத்துகிறது. அதைக் காண ஜனசமுத்திரம் ஒன்று திரளுகிறது. தனியார் முயற்சி, பொதுஜனங்களின் பணம், ஃபுளோரிடாவின் மண், அங்கே வந்து குவியும் கூட்டம் ஆகிய நான்கையும் அவர் ஒருங்கே கண்டது, பின்னால் நடந்தவற்றை அறிந்த நமக்கு ஆச்சரியமாகவே இருக்கிறது.

இரண்டாம் உலக யுத்தத்துக்குப் பிறகு, ஜெர்மானியரிடமிருந்து கைப்பற்றிய வி-2 ராக்கெட்டுகளை அமெரிக்க ராணுவம் நியூ மெக்ஸிகோ பாலைவனத்தில் பரீட்சித்து வந்தது. 1947-ஆம் வருஷம் மே மாதத்தில் அவற்றுள் ஒன்று வழி தவறி, எல்லை தாண்டி, மெக்ஸிகோ நாட்டு ஜுவாரெஸ் நகரத்தின் அருகே போய் விழுந்தது. நிலத்தின்மேல் நெடுந்தூரம் ராக்கெட் விடுவது அபாயம் என்பது அப்பொழுது தெளிவாயிற்று. கலிபோர்னியாவில் தேடிய இடத்திலிருந்து தன் நாட்டின்மேல் ராக்கெட் பறக்க மெக்ஸிகோ அரசு இணங்கவில்லை. பஹாமா தீவுகளில் கண்காணிப்பு நிலையங்கள் அமைக்கப் பிரிட்டிஷ் சர்க்கார் இணங்கியது. கனாவெரலுக்குக் கிழக்கே கண்ணுக்கெட்டியமட்டும் சமுத்திரம். பூமத்திய ரேகைக்குச் சற்று நெருங்கியிருப்பதால் பூமியின் சுழற்சியும் கிழக்கு நோக்கிப் போகும் ராக்கெட்டுக்குத் துணை செய்யும். சுற்றிலும் ஜனநெருக்கம் இல்லை. இக்காரணங்களால் 1949-ல் கனாவெரல் முனை தேர்ந்தெடுக்கப்பட்டது. 1950-ஆம் வருஷம் ஜூலை 24-ஆம் தேதி, வி-2 ஒன்றின் தலையில் மற்றொரு சிறு ராக்கெட்டைப் பொருத்திய பம்பர்-8 அங்கிருந்து முதன்முதலாகக் கிளம்பியது.

ஆரம்ப காலத்தில் அங்கே நடந்த காரியங்களெல்லாம் ராணுவ ரகசியம். எந்த நாளில் எது கிளம்பும் என்று ஒருவரும் சொல்லமாட்டார்கள். ஏவுகணையைப் ‘பறவை’ என்று சொல்வது அந்த வட்டாரத்துப் பரிபாஷையாதலால், தொலைநோக்கிக் கண்ணாடியுடன் கரையில் காத்துக் கிடந்த பத்திரிகை நிருபர்களுக்குப் ‘பறவை பார்ப்பவர்கள்’ என்றே பெயர் வந்துவிட்டது. ரகசியத்துக்கு வேலி போடலாம், ஆகாயத்துக்குப் போடமுடியாது. பொழுது புலருமுன் வானத்தில் ஏறும் நெருப்புக் கோட்டைக் கோகோ பீச்சில் தங்கியிருந்த தச்சனும் தாதியும் கடைக்காரனும் கண்டார்கள். கண்டவர்கள் அக்கம்பக்கத்தாரைத் துணைக்கு அழைத்தார்கள். கரையில் கூடும் வழக்கம் எவருடைய உத்தரவுமின்றி இவ்வாறுதான் முளைத்தது.

அந்த வழக்கத்துக்கு அந்தஸ்து கொடுத்த சம்பவம் ஒரு வெற்றியன்று, ஒரு தோல்வி என்பது கவனிக்கத்தக்கது. 1957 அக்டோபர் 4-ஆம் தேதி சோவியத் ருஷ்யாவின் ஸ்புட்னிக் பூமியை வலம்வரத் தொடங்கியதும், அமெரிக்கர்கள் தங்கள் பதிலை உலகம் பார்க்கச் செய்யத் துணிந்தார்கள். டிசம்பர் 6-ஆம் தேதி, நிருபர்களும் படக் கருவிகளும் நோக்கியிருக்க, வான்கார்ட் ராக்கெட் நாலடி உயரம் எழும்பி, பின்னுக்குச் சாய்ந்து, தன் தீயிலேயே வெந்து போயிற்று. அதன் தலையிலிருந்து தெறித்து விழுந்த சிறு கோளம் மட்டும் தரையில் கிடந்தபடி சமிக்ஞை கொடுத்துக்கொண்டிருந்தது. தேசமே தலைகுனிந்தது. என்றாலும் 1958 ஜனவரி 31-ஆம் தேதி இரவு எக்ஸ்ப்ளோரர்-1 சுற்றுப்பாதையை அடைந்தபொழுது உண்டான களிப்புக்கு ஆழம் கொடுத்தது எட்டு வாரத்துக்கு முந்திய அந்த அவமானமே. விழுந்ததைப் பார்த்த கண்களுக்குத்தான் எழுந்ததன் அருமை தெரிந்தது. மறுபுறத்தில், சோவியத் நாட்டார் தங்கள் ஏவுதளம் இருக்கும் இடத்தையே மறைத்து, அதிலிருந்து 300 கிலோமீட்டருக்கும் அப்பாலுள்ள பைக்கோனூர் என்னும் வேறோர் ஊரின் பெயரை உலகத்துக்குச் சொன்னார்கள். அவர்களுடைய சாதனைகள் மகத்தானவை. ஆனால் அவற்றைக் கரையில் நின்று காணும் பாக்கியம் அந்நாட்டு ஜனங்களுக்குக் கிடைக்கவில்லை.

அடுத்த பத்து வருஷங்களில் அந்தக் கரை அடியோடு மாறிவிட்டது. பிரெவார்ட் என்னும் அந்த ஜில்லாவில் 1950-ல் 23,653 பேர் வசித்தார்கள். 1960-ல் 1,11,435 பேர். 1970-ல் 2,30,006 பேர். சந்திரனுக்கு மனிதரை அனுப்பப் பெரிய ஏவுதளம் வேண்டுமென்று, 1961 முதல் மெரிட் தீவின் வடபாகத்தை நாசா ஸ்தாபனம் கையகப்படுத்திற்று. தண்ணீரும் தரையுமாக 1,40,000 ஏக்கர் பரப்பு அதற்குள் வந்தது. ஆலன்ஹர்ஸ்ட், ஷைலோ, ஆர்சினோ முதலிய சிற்றூர்களில் தலைமுறை தலைமுறையாகத் தோப்பு வளர்த்துவந்த குடும்பங்கள் வீடுவாசலை விட்டு வெளியேறின. உலகத்தார் கண்டு களித்த அந்த மகத்தான ஏவுதளங்களின் அடியில், பெயர் மறைந்துபோன அந்த ஊர்களின் தியாகமும் புதைந்திருக்கிறது. வெடி ஒலிக்கு அஞ்சிக் காலியாக விட்டுவைத்த பரப்பு 1963 முதல் வனவிலங்குச் சரணாலயமாயிற்று. மெய்யான பறவைகளைப் பார்ப்பவர்கள் இன்றும் அங்கே போகிறார்கள்.

அதே 1963-ல் ஜனாதிபதி கென்னடி கொலையுண்டபின், முனைக்கு அவர் பெயரை இட்டார்கள். அவரிடம் பேரன்பு வைத்திருந்தவர்களுக்குக்கூட, நானூறு வருஷத்துப் பெயர் மறைவது மனத்துக்கு ஒவ்வவில்லை. பத்து வருஷம் முறையிட்டு, 1973-ல் ஃபுளோரிடா ஜனங்கள் பழைய பெயரை மீட்டுக்கொண்டார்கள். விண்வெளி நிலையத்துக்குக் கென்னடியின் பெயர் நிலைத்தது, முனை மறுபடியும் கனாவெரல் ஆயிற்று. 1999-ல் அந்த வட்டாரத்துத் தொலைபேசிக் குறியீட்டெண்ணாக 321 என்பதைக் கேட்டு வாங்கிக்கொண்டார்கள். ராக்கெட் கிளம்பும் முன்பு எண்ணிக்கை மூன்று, இரண்டு, ஒன்று என்று இறங்கி வரும் வரிசை அது. ஓர் ஊர் தன் தொழிலை இவ்வளவு பிரியமாகத் தன் மேல் எழுதிக்கொள்வது அபூர்வம்.

1969 ஜூலை 16-ஆம் தேதி காலை 9:32 மணிக்கு அப்போலோ-11 கிளம்பியபோது சுமார் பத்து லட்சம் பேர் அந்தச் சாலைகளிலும் கரைகளிலும் கூடியிருந்தார்கள். அதற்கு முந்திய நாள் வந்த ஒரு சிறு கூட்டத்தையும் சரித்திரம் மறக்கலாகாது. மார்ட்டின் லூதர் கிங்குக்குப் பிறகு அவருடைய இயக்கத்தை நடத்திய பாதிரியார் ரால்ஃப் அபர்னாதி, ஏழைக் குடும்பங்களை அழைத்துக்கொண்டு, கோவேறு கழுதைகள் பூட்டிய வண்டியுடன் ஏவுதளத்தின் அருகே வந்தார். சந்திரனுக்குச் செல்லப் பணம் இருக்கும் தேசத்தில் பசித்த வயிறு ஏன் இருக்கவேண்டும் என்பது அவருடைய கேள்வி. நாசாவின் தலைவர் தாமஸ் பெய்ன் வெட்டவெளியில் அவரை எதிர்கொண்டு, ராக்கெட்டை ஏவும் பொத்தானை அழுத்தாமல் விடுவதால் வறுமை தீருமானால் நாளைக்கே நிறுத்திவிடுவோம் என்ற கருத்துப்பட மறுமொழி கூறி, வந்த குடும்பங்களுக்கு விருந்தினர் மேடையில் இடம் கொடுத்தார். அபர்னாதியும் பிரயாணிகளின் க்ஷேமத்துக்காகப் பிரார்த்தித்தார். கேள்வி தீர்ந்துவிடவில்லை, ஆனால் கேட்க வந்தவர்களையும் அந்தக் கரை தன் ஜனமாகவே ஏற்றுக்கொண்டது.

சந்திரப் பிரயாணம் 1972-ல் முடிந்தது. 1968-ல் 26,000 பேருக்குமேல் வேலை பார்த்த நிலையத்தில் சில வருஷங்களுக்குள் பாதிப்பேர்கூட மிஞ்சவில்லை. டைட்டஸ்வில்லில் வீடுகள் பூட்டிக் கிடந்தன. 1981-ல் விண்கப்பல்கள் கிளம்பத் தொடங்கியதும் கூட்டம் திரும்பியது. 1986 ஜனவரி 28-ஆம் தேதி சாலஞ்சர் 73 விநாடியில் சிதறி ஏழு பேரும் மாண்டதை, அவர்களுள் ஒருவரான பள்ளி ஆசிரியை கிறிஸ்டா மெக்காலிஃபின் பெற்றோர் மேடையில் நின்றபடியே கண்ணால் கண்டார்கள். அந்தத் துக்கத்துக்குப் பிறகும் ஜனங்கள் வராமல் இருந்துவிடவில்லை. 2011 ஜூலை 8-ஆம் தேதி கடைசி விண்கப்பலான அட்லாண்டிஸைப் பார்க்க மீண்டும் ஏறக்குறைய பத்து லட்சம் பேர் திரண்டார்கள். அன்றைய ஆரவாரத்தில் பிரிவின் வேதனை கலந்திருந்தது. ஆயிரக்கணக்கானவர்களுக்கு அதுவே உத்தியோகத்தின் கடைசிக் காலமாக இருந்தது.

இந்த இடைவெளியில்தான் தனியார் முயற்சி அந்தக் கரைக்கு வந்து சேருகிறது. அது திடீரென்று தோன்றியதன்று. 1982 செப்டம்பர் 9-ஆம் தேதி, டெக்ஸாஸ் கரையோரத்து மாட்டகோர்டா தீவிலிருந்து, தனியார் பணத்தால் முழுவதும் நடத்தப்பட்டு விண்வெளியை எட்டிய முதல் ராக்கெட்டான கானெஸ்டோகா கிளம்பியது. முன்னாள் விண்வெளி வீரர் டீக் ஸ்லேட்டன் அதை மேற்பார்த்தார். அதன் என்ஜினைக்கூட நாசாவிடமிருந்தே விலைக்கு வாங்கியிருந்தார்கள். 1984-ல் தனியார் ராக்கெட் விடுவதற்கான சட்டம் பிறந்தது. 2004 ஜூன் 21-ஆம் தேதி, பர்ட் ரூட்டன் வடிவமைத்து, பால் ஆலன் பொருளுதவி செய்த விமானத்தில் மைக் மெல்வில் விண்வெளியின் எல்லையைத் தொட்டுத் திரும்பியதைக் காண, கலிபோர்னியாவின் மொஹாவி பாலைவனத்தில் ஆயிரக்கணக்கானோர் இரவிலேயே வந்து தங்கினார்கள்.

ஸ்பேஸ்எக்ஸ் கம்பெனி தன் முதல் ராக்கெட்டுகளைப் பசிபிக் சமுத்திரத்தின் நடுவே, மார்ஷல் தீவுகளைச் சேர்ந்த ஓமலெக் என்னும் சின்னஞ்சிறு திட்டிலிருந்து விட்டது. அங்கே கரையில் கூடுவதற்கு ஜனமில்லை. 2006-லும் 2007-லும் 2008 ஆகஸ்டிலும் மூன்று ராக்கெட்டுகள் நஷ்டமாயின. 2008 செப்டம்பர் 28-ஆம் தேதி நான்காவது வெற்றி பெற்றது. அவ்வருஷக் கடைசியில், சர்வதேச விண்வெளி நிலையத்துக்குச் சரக்குக் கொண்டுபோக நாசா 160 கோடி டாலர் ஒப்பந்தம் கொடுத்து அதை நிமிர்த்தி நிறுத்தியது. 2014-ல், அப்போலோ-11 கிளம்பிய அதே 39ஏ ஏவுதளத்தை 20 வருஷக் குத்தகைக்கு அது எடுத்தது. 2015 டிசம்பர் 21-ஆம் தேதி இரவு, மேலே போன அதன் ராக்கெட்டின் அடிப்பாகம் முதன்முதலாகத் திரும்பிவந்து செங்குத்தாக இறங்கியதும், பழைய ஏவுகணைத் தளம் ஒன்று இருந்த இடத்தில்தான். ஆகவே கம்பெனி தனியாருடையதேயானாலும், அது நின்ற தரையும், பெற்ற முதலும், கற்ற வித்தையும் அறுபது வருஷமாக வரி கொடுத்தும் உழைத்தும் ஜனங்கள் சேர்த்துவைத்தவை. வெறுங்காட்சி பார்க்க வந்தவர்கள் என்று நாம் எண்ணும் கூட்டத்துக்கு அதில் பங்கு உண்டு என்று சொல்வது இதனால்தான்.

இனி அந்தப் பிப்ரவரிப் பிற்பகலுக்குத் திரும்புவோம். 27 என்ஜின்கள் ஒருசேர எரிந்து, அன்று உபயோகத்திலிருந்த எந்த ராக்கெட்டையும்விட இருமடங்கு பலத்துடன் ஃபால்கன் ஹெவி எழும்பிற்று. வெற்றிக்கும் தோல்விக்கும் சமவாய்ப்பே உண்டென்றும், ஏவுதளம் சேதமாகாமல் கிளம்பினாலே போதுமென்றும் மஸ்க் முன்கூட்டியே சொல்லியிருந்தார். ஆதலால் கரையில் நின்றவர்கள் பந்தயம் இன்னதென்று அறிந்தே நின்றார்கள். சுமார் எட்டு நிமிஷம் கழித்து, பக்கத்து ராக்கெட்டுகள் இரண்டும் வானத்திலிருந்து இரட்டைச் சுடர்களாக இறங்கி, அருகருகே, ஏறத்தாழ ஒரே சமயத்தில் தரையில் நின்றன. இடி போன்ற முழக்கங்கள் அவற்றைத் தொடர்ந்து வந்து கரையை அதிர வைத்தன. கிளம்புவதைக் கண்ட கரை, அன்றே திரும்பி வருவதையும் கண்டது. நடுப்பாகம் மாத்திரம், மறுபடி தீமூட்டும் திரவம் தீர்ந்துபோனமையால், மணிக்கு 300 மைல் வேகத்தில் கடலில் மோதி அழிந்தது. அச்செய்தியை அன்று மாலையே மஸ்க் நிருபர்களிடம் தெரிவித்துவிட்டார்.

நம்முடைய அபிப்பிராயத்தில், அன்றைய ஆரவாரம் ஒரு தனவந்தரின் புகழுக்காக எழுந்ததன்று. அவருடைய காருக்காக எழுந்ததுமன்று. ஜெயிப்பதும் தோற்பதும் ஜனங்களின் கண்முன்னே நடக்கட்டும் என்று 1957-ல் வேர்விட்ட ஒரு தர்மத்தின் பலன் அது. சர்க்கார் நடத்தியபோது அந்தத் தர்மத்தைச் சட்டமும் பத்திரிகையும் ஜனப்பிரதிநிதிகளும் காத்தார்கள். கம்பெனி நடத்தும்போது காப்பவர் யார்? வியாபாரத்துக்கு ரகசியம் இயல்பு. ஏவுவதும் இப்பொழுது அன்றாடக் காரியமாகிவருகிறது. 2024-ல் அந்தக் கரையிலிருந்து 90-க்கும் மேற்பட்ட ராக்கெட்டுகள் கிளம்பின. பழகிப்போனதை ஜனங்கள் பார்க்காமல் விடுவதும், பார்ப்பாரில்லாதபோது மறைப்பது எளிதாவதும் உலக இயற்கை.

இந்த விஷயம் நமக்கும் தூரமானதன்று. பழவேற்காட்டு ஏரிக்கும் வங்கக் கடலுக்கும் நடுவே, கனாவெரலைப் போலவே உப்பங்கழி சூழ்ந்து கிடக்கும் ஸ்ரீஹரிகோட்டாவில், 2022 நவம்பர் 18-ஆம் தேதி ஹைதராபாத் கம்பெனியான ஸ்கைரூட்டின் ராக்கெட்டும், 2024 மே 30-ஆம் தேதி சென்னைக் கம்பெனியான அக்னிகுலின் ராக்கெட்டும் எழும்பின. குலசேகரன்பட்டினத்தில் 2,000 ஏக்கருக்கு மேற்பட்ட நிலத்தில் புதிய ஏவுதளம் உருவாகிவருகிறது. இம்முயற்சிகளை நடத்தும் இளைஞர்களை நாம் மனப்பூர்வமாக வாழ்த்துகிறோம். அவர்களிடம் நாம் வேண்டிக்கொள்வது, தங்கள் ராக்கெட் எழும் நாளையும் விழும் நாளையும் ஒருபோதும் ஜனங்களிடமிருந்து மறைக்கவேண்டாம் என்பதே. வாசகர்களிடம் வேண்டிக்கொள்வதும் ஒன்று உண்டு: ஸ்ரீஹரிகோட்டாவில் 2019 முதல் பொதுஜனங்களுக்கென்று பார்வையாளர் மேடை இருக்கிறது, குழந்தைகளை அழைத்துக்கொண்டு ஒரு முறையாவது அங்கே போய், அந்த ராக்கெட் யாருடையதாக இருந்தாலும், அது கிளம்பும்வரையில் பொறுமையாகக் காத்திருந்து பார்த்துவிட்டு வாருங்கள்.